போர் விமானி ஒருவரின் நினைவைத் தேடி எடுத்துப் பாதுகாப்பது எப்படி: லாக்புக், மெடல், ஆவணங்கள், செலவு, காலம்

அப்பாவின் பெரியப்பா இரண்டாம் உலகப் போரில் இந்திய விமானப்படையில் ஹரிகேன் போர் விமானம் ஓட்டியவர். 1944-இல் பர்மாவின் அரக்கான் பகுதிக்கு மேல் பறக்கப் போனவர் திரும்பி வரவில்லை. உடலும் கிடைக்கவில்லை. எங்கள் வீட்டில் அவரைப் பற்றிய பேச்சு அத்தோடு நின்றுவிட்டது. பாளையங்கோட்டை வீட்டை விற்பதற்காகப் பரணைக் காலி செய்தபோது அவருடைய டிரங்குப் பெட்டி கீழே இறங்கியது. உள்ளே ஒரு லாக்புக் (விமானி தன் ஒவ்வொரு பறத்தலையும் எழுதிவைக்கும் பதிவேடு), மூன்று மெடல், முப்பது போட்டோ, சில கடிதங்கள், ஒரு தந்தி.

அதிலிருந்து ஆரம்பித்து, அவர் எங்கே பயிற்சி எடுத்தார், எந்தெந்த நாளில் எங்கே பறந்தார், பெயர் எந்தக் கல்லில் இருக்கிறது என்று தெரிந்துகொள்ள எனக்கு ஒன்றேகால் வருடம் ஆனது. அதில் பாதிக்கு மேல் தவறான இடத்தில் தவறான கேள்வியைக் கேட்டே போய்விட்டது. உங்கள் வீட்டிலும் இப்படி ஒரு பெட்டி இருக்கலாம். விமானியாக இல்லாமல் மெக்கானிக்காகவோ வயர்லெஸ் ஆபரேட்டராகவோ இருந்தவர் என்றாலும் வழி பெரும்பாலும் இதேதான். நான் போன வரிசையில் சொல்லவில்லை. போயிருக்க வேண்டிய வரிசையில் சொல்கிறேன்.

1. பெட்டியைத் திறந்ததும் முதலில் எதையும் சுத்தம் செய்யாதீர்கள்

நம் வீடுகளில் பழைய பித்தளையைப் பார்த்தால் கை தானாகப் புளியைத் தேடும். எங்கள் வீட்டிலும் அதுதான் நடந்தது. நான் ஊருக்குப் போய்ச் சேருவதற்குள் ஒரு மெடலைப் புளி போட்டுத் தேய்த்துப் பளபளவென்று ஆக்கிவிட்டார்கள். மேலே படிந்திருந்த பழுப்பு போனதோடு, எழுத்தின் ஓரங்களும் மழுங்கிவிட்டன. ரிப்பனில் புளித்தண்ணீர் ஏறி நிறம் கசிந்துவிட்டது. அதைத் திரும்பக் கொண்டுவர முடியாது. புளி, விபூதி, பாலிஷ் எதுவும் வேண்டாம். மெல்லிய பருத்தித் துணியால் தூசியைத் தட்டினால் போதும்.

இதே போல இன்னும் சில:

லேமினேஷன் செய்யவே செய்யாதீர்கள். கடைக்காரர் ஐம்பது ரூபாய்க்கு முடித்துத் தருவார். ஆனால் சூட்டில் ஒட்டிய பிளாஸ்டிக்கைப் பிறகு யாராலும் பிரிக்க முடியாது. கிழிந்த பக்கத்தில் செலோடேப் ஒட்டாதீர்கள். பத்து வருடத்தில் அது மஞ்சளாகிக் காகிதத்தைத் தின்றுவிடும். அந்துருண்டையை போட்டோக்களோடு ஒரே பெட்டியில் போடாதீர்கள். பசை தடவிய அட்டையில் போட்டோவை ஒட்டி மேலே பிளாஸ்டிக் தாள் மூடும் ஆல்பங்கள் 1980-களில் எல்லா வீட்டிலும் இருந்தன. அதில் ஒட்டியிருந்தால் பிய்க்காதீர்கள். பக்கத்தோடு அப்படியே படம் எடுத்துக்கொள்ளுங்கள்.

நம் ஊர் ஈரத்துக்கும் இராமபாணப் பூச்சிக்கும் காற்றோட்டம்தான் மருந்து. காய்ந்த அலமாரியில், தரையிலிருந்து உயர்த்தி, வெளிச்சுவரை ஒட்டாமல் வையுங்கள். நல்ல தரமான அமிலமற்ற காகித உறையில் ஒவ்வொரு போட்டோவையும் தனித்தனியாகப் போடுங்கள். சிலிக்கா ஜெல் பொட்டலத்தை அவ்வப்போது மாற்றுங்கள். பக்கங்கள் ஒட்டிப்போயிருந்தாலோ பூஞ்சை பிடித்திருந்தாலோ நீங்களே கை வைக்க வேண்டாம். சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகத்தில் காகிதப் பாதுகாப்பு தெரிந்தவர்கள் இருக்கிறார்கள். உலோகம் என்றால் எழும்பூர் அரசு அருங்காட்சியகத்தின் வேதியியல் பாதுகாப்புக் கூடம். எழுதிக் கேட்டுவிட்டுப் போங்கள்.

போட்டோவின் பின்பக்கம் ஏதாவது எழுத வேண்டுமென்றால் மெல்லிய பென்சிலால், ஓரத்தில், அழுத்தாமல் எழுதுங்கள். பேனா வேண்டாம்.

2. வீட்டில் மூத்தவர்களிடம் இந்த வாரமே பேசுங்கள்

ஆவணக் காப்பகம் அடுத்த வருடமும் இருக்கும். அத்தை இருப்பாரா என்பது தெரியாது. போரில் பறந்தவர்கள் இன்று அநேகமாக யாரும் இல்லை. இம்பால் போரில் ஸ்குவாட்ரனை, அதாவது ஒரு விமானப்படைப் பிரிவை, நடத்திய அர்ஜன் சிங் 2017-இல் 98 வயதில் காலமானார். மிஞ்சியிருப்பது அவர்களைச் சிறுவயதில் பார்த்தவர்களின் ஞாபகம் மட்டும்தான்.

போனை மேசைமேல் வைத்து ரெக்கார்டரை ஓடவிட்டு, கையில் ஒரு போட்டோவைக் கொடுத்துக் கேளுங்கள். "அவரைப் பத்திச் சொல்லுங்க" என்று கேட்டால் இரண்டு வரியோடு நின்றுவிடும். "இந்தப் படத்துல இவர் பக்கத்துல நிக்கிறது யாரு?" என்று கேட்டால் அரைமணி நேரம் வரும். ஒரு தடவைக்கு ஒரு மணி நேரத்துக்கு மேல் வேண்டாம். பேச ஆரம்பிக்கும் முன் தேதி, இடம், பேசுபவர் யார் என்று நீங்களே சொல்லிப் பதிவு செய்துவிடுங்கள்.

என் அத்தைக்கு 1944-இல் ஆறு வயது. மூன்றாம் தடவை உட்கார்ந்தபோது, பேச்சுவாக்கில், "பெரியப்பா சாமானோட ஒரு பட்டுத்துணி வந்துச்சுல்லா, அதைத்தானே விளக்கு சுத்தி வச்சிருக்கேன்" என்றார். எடுத்துப் பார்த்தால் அது பர்மாவின் வரைபடம். பட்டில் அச்சிட்டது. விமானம் விழுந்தால் காட்டு வழியாகத் திரும்பி வருவதற்காக விமானிகளிடம் கொடுக்கப்பட்ட தப்பிக்கும் வரைபடம். மடித்தாலும் சத்தம் கேட்காது, நனைந்தாலும் கிழியாது. எழுபத்தைந்து வருடத்துக்கு மேலாகக் குத்துவிளக்கைச் சுற்றிக் கிடந்திருக்கிறது. எனவே பெட்டியோடு நிறுத்தாமல், வேறு எந்தச் சாமான் எங்கே போயிற்று என்றும் கேளுங்கள்: பெல்ட், பூட்ஸ், பேனா, கைக்கடிகாரம், துணி.

3. எல்லாவற்றையும் படமாக எடுத்து வையுங்கள்

கடிதங்களையும் தாள்களையும் சாதாரண படுக்கை ஸ்கேனரில் 300 டிபிஐ, போட்டோக்களை 600 டிபிஐ. தாளை இழுத்துக்கொள்ளும் வகை ஸ்கேனரில் போடாதீர்கள். லாக்புக்கை ஸ்கேனரில் கவிழ்த்து அமுக்கினால் முதுகு உடைந்துவிடும். இரண்டு பக்கமும் மடித்த துண்டைத் தாங்கலாகக் கொடுத்து, முழுதாக விரிக்காமல், ஜன்னல் வெளிச்சத்தில் மேலிருந்து கேமராவில் எடுங்கள். ஃபிளாஷ் வேண்டாம். அட்டை, உள்ளட்டை, காலிப் பக்கம், ஒட்டியிருக்கும் சீட்டு என்று ஒன்றுவிடாமல் எடுங்கள். உள்ளட்டையில்தான் பெரும்பாலும் முக்கியமான எண் இருக்கும்.

கோப்புக்குப் பெயர் வைக்கும்போது வருடம், மாதம், தேதி, பொருள் என்ற வரிசையில் வையுங்கள். ஒரு பிரதி வீட்டில், ஒன்று வேறு ஊரில் இருக்கும் உறவினரிடம், ஒன்று இணையச் சேமிப்பில். குடும்ப வாட்ஸ்அப் குழுவில் போட்டோவாக அனுப்பியதைப் பிரதி என்று நம்பி இருந்துவிடாதீர்கள். அது படத்தைச் சுருக்கிவிடும். அனுப்புவதென்றால் டாக்குமெண்டாக அனுப்புங்கள்.

4. பெயரை நம்பாதீர்கள், எண்ணைப் பிடியுங்கள்

என்னுடைய ஐந்து மாதம் இங்கேதான் போனது. ராணுவ ஆவணங்கள் எல்லாம் குடும்பப் பெயர், அதற்குப் பின் சொந்தப் பெயர் என்ற ஐரோப்பிய முறையில் அடுக்கப்பட்டவை. நமக்கோ ஊர்ப் பெயர், அப்பா பெயர், அப்புறம் சொந்தப் பெயர். பதிவு செய்த குமாஸ்தா எதைக் குடும்பப் பெயர் என்று நினைத்தாரோ அதன் கீழேதான் கோப்பு இருக்கும். சுப்பிரமணியம் என்ற ஒரே பெயருக்கு ஆங்கிலத்தில் ஆறேழு எழுத்துக்கூட்டல் உண்டு. பெரிய தாத்தா ஒரு பட்டியலில் அவருடைய அப்பா பெயரிலும், இன்னொன்றில் ஊர்ப் பெயரிலும் இருந்தார்.

சேவை எண்தான் மாறாதது. லாக்புக் உள்ளட்டை, தந்தி, அடையாள வில்லை, பணம் அனுப்பிய சீட்டு, மெடல் வந்த அட்டைப்பெட்டியின் சீட்டு, இவற்றில் பாருங்கள். போர்க்கால இந்திய அதிகாரிகளின் எண்ணுக்கு முன் "இண்ட்" என்ற மூன்று ஆங்கில எழுத்து இருக்கும். எண் எங்கேயும் கிடைக்காவிட்டால் பிரிட்டிஷ் அரசிதழான லண்டன் கெஜட்டை இணையத்தில் இலவசமாகத் தேடலாம். விருது, சில நியமனங்கள் அதில் வரும். இந்திய விமானப்படை அதிகாரிகளைப் பற்றி பாரத் ரக்ஷக் தளத்தில் ஆர்வலர்கள் பல வருடமாகத் தொகுத்துவரும் பட்டியலும் உதவும். அதில் கிடைப்பதைத் துப்பாக எடுத்துக்கொண்டு, மூல ஆவணத்தோடு ஒப்பிட்டுப் பாருங்கள்.

இன்னும் இரண்டு இடத்தில் வழுக்கும். ஒன்று, "பைலட் ஆபீசர்" என்பது பதவியின் பெயர். தரையில் வேலை செய்த அதிகாரிகளுக்கும் அதே பதவி உண்டு. அந்தச் சொல்லை வைத்து விமானி என்று முடிவு செய்யாதீர்கள். சீருடைப் போட்டோவில் இடது பைக்கு மேல் பாருங்கள். இரண்டு பக்கமும் இறக்கை இருந்தால் விமானி. ஒற்றை இறக்கை என்றால் விமானத்தில் வேறு பணி செய்தவர். லாக்புக்கும் வேறு வேறு: விமானிக்குப் படிவம் 414, விமானத்தில் வழி பார்க்கும் அப்சர்வருக்கும் துப்பாக்கியை இயக்கும் கன்னருக்கும் படிவம் 1767.

இரண்டாவது, படையின் பெயர். 1932 அக்டோபர் 8-இல் தொடங்கிய இந்திய விமானப்படைக்கு 1945 மார்ச்சில் "ராயல்" பட்டம் சேர்ந்தது, குடியரசானபோது 1950-இல் போனது. தேடும்போது இரண்டு பெயரையும் போட்டுப் பாருங்கள். பிரிட்டனின் ராயல் விமானப்படை, அதாவது ஆர்ஏஎஃப், முற்றிலும் வேறு. ஆனால் இந்திய விமானிகள் பலர் ஆர்ஏஎஃப் ஸ்குவாட்ரன்களிலும் பறந்தார்கள். 1940-இல் 24 இந்திய விமானிகள் இங்கிலாந்து போனார்கள். அவர்களில் ஒருவரான மொஹிந்தர் சிங் புஜ்ஜி அங்கே ஹரிகேன் ஓட்டினார். எனவே, உங்கள் தாத்தா எந்தப் படையில் சேர்ந்தார் என்பதையும் எந்த ஸ்குவாட்ரனில் பறந்தார் என்பதையும் தனித்தனிக் கேள்வியாக வைத்துக்கொள்ளுங்கள்.

5. லாக்புக்கை வாசிக்கக் கற்றுக்கொள்ளுங்கள்

இதற்கு ஒரு வாரம் ஒதுக்குங்கள். வேறு எந்த ஆவணமும் இவ்வளவு தராது. ஒரு வரி ஒரு பறத்தல். இடமிருந்து வலமாகத் தேதி, விமான வகை, விமானத்தின் எண், ஓட்டியவர், கூட வந்தவர், பணி, பிறகு நேரக் கட்டங்கள். ஓட்டியவர் கட்டத்தில் "செல்ஃப்" என்று இருந்தால் அவரே ஓட்டினார் என்று பொருள். பயிற்சிக் காலத்தில் அந்தக் கட்டத்தில் ஆசிரியர் பெயர் இருக்கும். இரவில் பறந்தது சிவப்பு மையில் எழுதப்பட்டிருக்கும். மாதக் கடைசியில் மொத்த நேரமும் மேலதிகாரி கையெழுத்தும்.

முதல் பக்கங்களில் டைகர் மாத் என்று வந்தால் அது ஆரம்பப் பயிற்சி, பெரும்பாலும் பேகம்பேட்டையிலோ ஜோத்பூரிலோ. அடுத்து ஹார்ட், ஹார்வர்ட் என்று வந்தால் அம்பாலா. அதற்கப்புறம்தான் போர் விமானம். போர் தொடங்கிய புதிதில் சேர்ந்தவர்கள் மெட்ராஸ் ஃபிளையிங் கிளப் போன்ற கிளப்புகளில் முதலில் பறக்கப் பழகியதும் உண்டு. மீனம்பாக்கம் என்று எழுதியிருந்தால் அங்கே தேடுங்கள்.

பணிக் கட்டத்தில் இருக்கும் சுருக்கெழுத்துதான் புதியவரைத் திணறடிக்கும். டி.சி.ஓ. என்றால் கொடுத்த வேலை முடிந்தது. டி.என்.சி.ஓ. என்றால் முடியவில்லை, வானிலை மோசமாக இருந்திருக்கலாம், எஞ்சின் தகராறு செய்திருக்கலாம். "டாக் ஆர்" என்பது தரைப்படைக்காகத் தாழப் பறந்து எதிரி நடமாட்டத்தைப் பார்த்து வருவது.

பெரிய தாத்தாவின் கடைசிப் பக்கங்களில் "வீவர்" என்ற சொல் திரும்பத் திரும்ப வந்தது. நெசவாளர் என்ற அர்த்தத்தை வைத்துக்கொண்டு பல நாள் குழம்பினேன். அரக்கானில் ஹரிகேன்கள் ஜோடியாகத்தான் வேவு பார்க்கப் போகும். முன்னால் போகிறவர் கீழே தரையைப் பார்த்துக் குறிப்பெடுப்பார். பின்னால் வருகிறவர் இடமும் வலமும் வளைந்து வளைந்து பறந்து, வானத்தில் ஜப்பானிய விமானம் வருகிறதா என்று மட்டும் பார்ப்பார். அவருக்குத்தான் வீவர் என்று பெயர். மெஹர் சிங் தலைமையில் ஆறாம் இந்திய ஸ்குவாட்ரன் இந்த வேலைக்குப் பேர்போனது. "பதினான்காம் ராணுவத்தின் கண்கள்" என்றே சொன்னார்கள். அது தெரிந்த பிறகு "வீவர், மாங்டா – புத்திடாங், 1.35" என்ற வரியை வேறு கண்ணோடு பார்த்தேன். ஒரு மணி முப்பத்தைந்து நிமிடம் முழுக்க இன்னொருவர் முதுகைக் காத்தபடி அவர் பறந்திருக்கிறார். வெறும் வரியாகத் தெரிந்தவை எல்லாம் அதற்கப்புறம் அப்படித் தெரியவில்லை.

விமானத்தின் எண் ஒரு ஆங்கில எழுத்தும் நான்கு இலக்கமுமாகவோ, இரண்டு எழுத்தும் மூன்று இலக்கமுமாகவோ இருக்கும். அதை அப்படியே குறித்துக்கொள்ளுங்கள். ஏழாவது படியில் வேண்டும். ஊர்ப் பெயர்களை அன்றைய ஆங்கில எழுத்துக்கூட்டலில்தான் தேட வேண்டும். தேதி பிரிட்டிஷ் முறையில் நாள் முதலில், மாதம் பிறகு. முழு லாக்புக்கையும் ஒரு எக்செல் தாளில் வரிக்கு வரி ஏற்றிவிடுங்கள். சலிப்பான வேலைதான். ஆனால் பின்னால் மற்ற ஆவணங்களோடு ஒப்பிட இதைவிட நல்ல வழி கிடையாது.

6. இந்தியாவில் எங்கே, எப்படிக் கேட்பது

இந்திய விமானப்படையில் இருந்தவர் என்றால், தனிநபர் சேவை விவரத்துக்கு டெல்லி வாயு பவனில் உள்ள விமானப்படைத் தலைமையகத்துக்கு எழுத வேண்டும். முதலில் உறவுமுறையைச் சொல்லிச் சாதாரணக் கடிதம். அதோடு உங்கள் அடையாளச் சான்றின் நகல், அவருடைய இறப்புச் சான்று அல்லது தந்தியின் நகல், உறவை நிறுவும் ஒரு ஆவணம். எங்களுக்கு இந்தக் கடைசிதான் கஷ்டமாக இருந்தது. வாரிசுச் சான்றிதழில் தம்பி பேரன்கள் எல்லாம் வரமாட்டார்கள். தாத்தாவின் பள்ளிச் சான்றிதழ், பழைய பத்திரம் ஒன்றில் அண்ணன் தம்பி இருவர் பெயரும் அப்பா பெயரோடு இருந்தது, இவற்றைச் சேர்த்து நோட்டரியிடம் உறுதிமொழிப் பத்திரம் வாங்கினேன். பழைய கிரயப் பத்திரங்களைத் தூக்கிப் போட்டுவிடாதீர்கள்.

பதில் வராவிட்டால் தகவல் அறியும் உரிமைச் சட்டம். கட்டணம் 10 ரூபாய். மத்திய அரசின் ஆர்டிஐ தளத்தில் கட்டலாம்; தபாலில் என்றால் 10 ரூபாய் போஸ்டல் ஆர்டர், "அக்கவுண்ட்ஸ் ஆபீசர்" பெயரில். நகல் ஒரு பக்கத்துக்கு 2 ரூபாய். 30 நாளில் பதில் வர வேண்டும். வராவிட்டாலோ மறுத்தாலோ அடுத்த 30 நாளுக்குள் முதல் மேல்முறையீடு, அதற்குக் கட்டணம் இல்லை. இந்தியக் குடிமக்கள் மட்டுமே கேட்க முடியும். நீங்கள் மலேசிய, சிங்கப்பூர்க் குடிமகன் என்றால் ஊரில் இருக்கும் உறவினர் பெயரில் போடுங்கள்.

மனுவில் கதை எழுதாதீர்கள், "ஏன்" என்றும் கேட்காதீர்கள். அவர்களிடம் இருக்கும் ஆவணத்தைத்தான் தர வேண்டுமே ஒழிய விளக்கம் தர வேண்டியதில்லை. "அவர் எப்படி இறந்தார், ஏன் எங்களுக்குச் சொல்லவில்லை" என்று உணர்ச்சியோடு நான் முதலில் எழுதிய மனு ஓர் அலுவலகத்திலிருந்து ஒரே வரியில் திரும்பி வந்தது. இரண்டாவதில், "சேவை எண் இன்னது. இந்த எண்ணுக்குரிய சேவைப் பதிவேட்டின் நகல் வேண்டும்" என்று மட்டும் எழுதினேன். அதற்குப் பதில் வந்தது. தனிநபர் விவரம் என்று மறுத்தால், 20 வருடத்துக்கு முந்தைய நிகழ்வு என்பதைச் சட்டத்தின் 8(3) பிரிவைக் குறிப்பிட்டு மேல்முறையீட்டில் எழுதுங்கள்.

ஸ்குவாட்ரன் பற்றிய பொது ஆவணங்களுக்குப் பாதுகாப்பு அமைச்சகத்தின் வரலாற்றுப் பிரிவு, டெல்லி ஜன்பத்தில் உள்ள தேசிய ஆவணக் காப்பகம். காப்பகத்தின் அபிலேக் படல் தளத்தில் இலவசமாகப் பதிவு செய்து, நேரில் போகும் முன் வீட்டிலிருந்தே பட்டியலைத் தேடிவிடுங்கள். நான் பதிவு செய்யாமல் டெல்லிக்கு ரயில் ஏறினேன். இரண்டு நாள் வீண். ஒன்று நினைவில் இருக்கட்டும்: 1947-இல் ஆட்களும் சாமான்களும் போலவே காகிதங்களும் இரு நாடுகளுக்கிடையே பிரிந்தன. இங்கே இல்லை என்றால் எங்கேயும் இல்லை என்று அர்த்தமில்லை.

7. லண்டன் கியூவில் என்ன கிடைக்கும்

பிரிட்டனின் தேசிய ஆவணக் காப்பகம் லண்டனின் தென்மேற்கில் கியூவில் இருக்கிறது. ஒவ்வொரு ஸ்குவாட்ரனும் தினமும் எழுதிய செயல்பாட்டுப் பதிவேடுகள் அங்கே "ஏர் 27" என்ற வரிசையில் உள்ளன. ஆங்கிலத்தில் ஏ-ஐ-ஆர் என்று தட்டி, இடைவெளி விட்டு 27 போடுங்கள். அதில் இரண்டு படிவம். 540 என்பது அன்றைய நாளின் சுருக்கம். 541-இல்தான் எந்த விமானம், யார் ஓட்டினார், எத்தனை மணிக்குக் கிளம்பினார், எத்தனை மணிக்கு இறங்கினார் என்று இருக்கும். பலர் 540-ஐ மட்டும் வாங்கிவிட்டு ஒன்றுமில்லை என்று ஏமாறுகிறார்கள். இரண்டையும் கேளுங்கள்.

ஸ்குவாட்ரன் பதிவில் இடைவெளி இருந்தால் விமான நிலையத்தின் பதிவு ஏர் 28-இலும், பல ஸ்குவாட்ரன்கள் சேர்ந்த குரூப்பின் பதிவு ஏர் 25-இலும் இருக்கும். அரக்கான் பக்கம் என்றால் 224 குரூப். வான்சண்டை அறிக்கைகள் ஏர் 50. இலங்கை வாசகர்களுக்கு இது நேரடியாகவே பயன்படும்: 1942 ஏப்ரல் 5 கொழும்புத் தாக்குதலை எதிர்த்துப் பறந்த ஹரிகேன் பிரிவுகள் இரத்மலானையில் இருந்த 30-ஆம் ஸ்குவாட்ரனும் குதிரைப் பந்தயத் திடலில் இருந்த 258-ஆம் ஸ்குவாட்ரனும். ஏப்ரல் 9 திருகோணமலையில் சீனக்குடாவின் 261.

சில வரிசைகளை இணையத்தில் சில பவுண்டு கட்டி இறக்கிக்கொள்ளலாம். இறக்க முடியாததை அங்கிருந்து நகல் எடுத்து அனுப்பச் சொன்னால் செலவு மளமளவென்று ஏறும். அதைவிட, லண்டனில் சொந்தமோ நண்பரோ இருந்தால் ஒரு நாள் போகச் சொல்லுங்கள். வாசகர் அட்டை இலவசம். பெயருக்கு ஒன்று, முகவரிக்கு ஒன்று என இரண்டு சான்று மட்டும் வேண்டும். சொந்தக் கேமராவில் படம் எடுக்கக் கட்டணம் இல்லை. பேனா உள்ளே போகாது, பென்சில் மட்டும். ஆவண எண்களை முன்கூட்டியே பதிவு செய்து வைத்துவிட்டால் போனதும் மேசைக்கு வந்துவிடும். என் சித்தப்பா மகன் ஒரே நாளில் இருநூறு பக்கத்துக்கு மேல் எடுத்துக்கொடுத்தான். ஆன செலவு அவனுடைய ரயில் டிக்கெட் மட்டும்தான்.

ஆர்ஏஎஃப்-இல் இருந்தவரின் தனிநபர் கோப்பு என்றால் ஒரு விஷயம். பிரிட்டிஷ் பாதுகாப்பு அமைச்சகத்திடம் இருந்த கோப்புகள் 2022 முதல் படிப்படியாகக் கியூவுக்கு மாறிக்கொண்டிருக்கின்றன. எங்கே இருக்கிறது என்று உறுதி செய்துகொண்ட பிறகே பணம் கட்டுங்கள். விமானத்தின் எண்ணை வைத்து அதன் நடமாட்ட அட்டையையும் விபத்து அட்டையையும் ஹெண்டனில் உள்ள ஆர்ஏஎஃப் அருங்காட்சியகத்தில் கேட்கலாம். இந்தியாவுக்குக் கப்பலேறிய விமானங்களின் அட்டையில் அதற்கப்புறம் அதிகம் எழுதியிருக்க மாட்டார்கள். அதை எதிர்பார்த்தே கேளுங்கள்.

8. ஒரிஜினலை யாரிடம் கொடுக்கிறீர்கள் என்பதில் கவனம்

விஷயம் வெளியே தெரிந்ததும் வாங்க ஆள் வருவார்கள். லாக்புக்குக்கும் மெடலுக்கும் வெளிநாட்டில் சந்தை உண்டு. எழுபத்தைந்து வருடத்துக்கு மேற்பட்ட, வரலாற்று மதிப்புள்ள ஆவணம் 1972-ஆம் ஆண்டின் தொல்பொருள் சட்டத்தின் கீழ் தொல்பொருளாகவே கருதப்படும். போர்க்கால லாக்புக்குகள் எல்லாமே இப்போது அந்த வயதைத் தாண்டிவிட்டன. இந்தியத் தொல்லியல் துறையிடம் கேட்காமல் கூரியரில் வெளிநாட்டுக்கு அனுப்பினால் பொருளும் போகும், வழக்கும் வரும்.

கொடுப்பதென்றால் டெல்லி பாலத்தில் உள்ள விமானப்படை அருங்காட்சியகம், 2023-இல் திறக்கப்பட்ட சண்டிகர் விமானப்படைப் பாரம்பரிய மையம் போன்ற இடங்களுக்கு எழுதிக் கேளுங்கள். எங்கே கொடுத்தாலும் பொருள்வாரியாகப் பட்டியல், அது நன்கொடையா கடனா, எப்போது திரும்ப வரும், குடும்பம் நகல் எடுக்கலாமா, எல்லாம் கையெழுத்தோடு ஒரு தாளில் வேண்டும். ஸ்கேன் எடுத்துத் தருவதாகச் சொல்லி ஒருவர் எங்கள் போட்டோக்களில் நான்கை வாங்கிப் போனார். ரசீது வாங்கவில்லை. அந்த நான்கும் திரும்பி வரவில்லை. அதில் ஒன்றில்தான் பெரிய தாத்தா சிரித்துக்கொண்டிருந்தார்.

9. போரில் இறந்தவர் என்றால்: பெயர் எங்கே இருக்கிறது

காமன்வெல்த் போர்க்கல்லறை ஆணையத்தின் தளத்தில் தேடுவது இலவசம். 1939 செப்டம்பர் 3 முதல் 1947 டிசம்பர் 31 வரை பணியில் இறந்தவர்கள் அதில் வருவார்கள். இங்கேயும் எண்ணை வைத்தே தேடுங்கள். கல்லறை இருந்தால் அதன் எண் கிடைக்கும். சென்னையில் நந்தம்பாக்கத்திலும், இலங்கையில் திருகோணமலை, கொழும்பு, கண்டியிலும் போர்க்கல்லறைகள் உண்டு. பெயரிலோ ஊரிலோ பிழை இருந்தால் சான்றுகளோடு எழுதினால் திருத்துவார்கள். பெரிய தாத்தாவின் பதிவில் பெற்றோர் பெயர் கட்டம் காலியாக இருந்தது. தந்தியும் பள்ளிச் சான்றிதழும் அனுப்பிய பிறகு சேர்த்தார்கள். பல மாதம் ஆனது.

கல்லறையே இல்லாத விமானிகள், தெற்கு ஆசியாவிலோ கிழக்கு ஆசியாவிலோ பறந்து மறைந்தவர்கள் என்றால், அவர்கள் பெயர் சிங்கப்பூரில் கிராஞ்சி நினைவிடத்தில் இருக்கும். அங்கே 24,000-க்கும் மேற்பட்ட பெயர்கள். தூண்களின் மேல் இருக்கும் கூரை விமானத்தின் இறக்கை போல நீண்டிருக்கும். கிராஞ்சி எம்ஆர்டி ரயில் நிலையத்திலிருந்து நடந்தே போகலாம், அனுமதிக் கட்டணம் இல்லை. பெயர் இருக்கும் தூணின் எண்ணை ஆணையத்தின் தளத்திலிருந்து குறித்துக்கொண்டு போங்கள். இல்லாவிட்டால் வெயிலில் அரைநாள் தேட வேண்டும். வெயில் பக்கவாட்டில் விழும் காலையிலோ மாலையிலோ எடுத்தால்தான் செதுக்கிய எழுத்து படத்தில் தெளிவாகத் தெரியும். எழுத்தின்மேல் சாக்பீஸோ மாவோ பூசாதீர்கள்.

அத்தையால் அவ்வளவு தூரம் பயணம் செய்ய முடியாது. அங்கே எடுத்த படத்தை ஏ4 அளவில் மேட் தாளில் பிரிண்ட் போட்டு, பின்பக்கம் ஓரத்தில் பென்சிலால் பெரிய தாத்தாவின் பெயர், சேவை எண், தூண் எண், எடுத்த தேதி நான்கையும் எழுதி, பட்டு வரைபடத்தை வைத்திருக்கும் அதே உறையில் சேர்த்துக் கொடுத்தேன்.